உருட்டானின் கயிறு

முதல் நாள்

விண்ணப்பத்தை இரண்டு பிரதிகளாக எடுத்துக்கொண்டு போனேன். கல்விச் சான்று, ஓய்வூதிய ஆணை, முகவரிச் சான்று என்று எல்லாவற்றையும் வரிசைப்படி இணைத்து, ஒவ்வொன்றிலும் கையொப்பம் இட்டிருந்தேன். தருமபுரியில் ஒரு மோட்டார் பம்புக் கடையின் மாடியில் நடந்த அந்தக் கார்ட்டூன் கம்பெனியில், அவற்றை வைக்க இடமில்லை. எல்லா மேசைகளிலும் கம்ப்யூட்டர் உட்கார்ந்திருந்தது.

"எதுக்கு சார் இவ்ளோ பேப்பரு? வாட்ஸப்புல ஒரு ஹாய் போட்டிருந்தாப் போதுமே" என்றார் சுகன்யா. கம்பெனியின் முதலாளி, இயக்குநர், காலையில் தரை கூட்டுபவர், மூன்றும் அவரே. என் மகளைவிட இளையவர்தான். ஆனால் எனக்கு மேலதிகாரி என்பதால் இந்தக் குறிப்பு முழுவதும் 'ர்' விகுதியோடுதான் எழுதுவேன்.

"கால்நடை ஆபீஸ்ல சூப்பரிண்டெண்டா இருந்தீங்களாமே. நெறைய மாடு பாத்திருப்பீங்க."

"ஃபைல்ல நெறைய பாத்திருக்கேன்மா."

"நேர்ல?"

"ஜன்னல் வழியா."

படம் வரையும் தினேஷ் பக்கத்து நாற்காலியில் சிரித்தான். (அவன் எனக்கு மேலதிகாரி அல்ல.) சுகன்யா சிரிக்கவில்லை. அவருக்கு வேண்டியது விலங்கும் தமிழும் ஓரளவு தெரிந்த ஓர் ஆள். இரண்டில் ஒன்றாவது எனக்குத் தெரியும் என்று முடிவு செய்து, கதை ஆலோசகர் என்று பெயர் வைத்துவிட்டார்.

நிலவரத்தையும் அன்றைக்கே சொன்னார். சென்னையில் ஒரு சேனல் ஒரே ஒரு எபிசோடு கேட்டிருக்கிறது. தொழிலில் அதற்கு பைலட் என்று பெயர். பிடித்திருந்தால் முழுத் தொடரும் இவர்களுக்கு. பிடிக்காவிட்டால் மாடியைக் காலி செய்துவிட்டு, தான் விட்டுவந்த பெங்களூர் கார்ட்டூன் வேலையைத் திரும்பக் கேட்டுப் போக வேண்டியதுதான்.

"திரும்பப் போனா சேத்துக்குவாங்களா?" என்று கேட்டேன்.

"சேத்துக்குவாங்க சார். அதான் பயமா இருக்கு."

இதர

கதை இது. வத்தல்மலை அடிவாரத்தில் மாதி என்று ஒரு பத்து வயதுப் பெண். விசித்திரமான உயிர்களைப் பழக்கும் பயிற்சியாளர் ஆக வேண்டும் என்று ஆசை. மலைக்காரர் ஒருவர் அவளுக்கு முதல் உயிரைக் கொடுக்கிறார். அதன் பெயர் உருட்டான். ஆட்டுக்குட்டி அளவு, முதுகு பாறைபோல. கோபம் வந்தால் சுருண்டு பந்தாகிச் சரிவைப் பார்த்து உருண்டுவிடும். சொல்பேச்சு கேட்காது. மாதி அதைக் கூட்டிக்கொண்டு ஊர் ஊராகப் போகிறாள்.

படித்துவிட்டு முறைப்படி குறிப்புரை எழுதினேன். பத்து வயதுச் சிறுமி வெளியூர் செல்லப் பெற்றோர் ஒப்புதல் எங்கே? மேற்படி உயிருக்குத் தடுப்பூசி போடப்பட்டதா? மாவட்ட எல்லையைக் கடக்க உடல்நலச் சான்று உண்டா?

சுகன்யா படித்துப் பார்த்தார். "சார், இதெல்லாம் கேட்டா மாதி வூட்டை வுட்டே கெளம்ப முடியாது."

"அதத்தாம்மா நானும் சொல்றேன். விதிப்படி கெளம்பவே முடியாது."

அவர் குறிப்புரையை எடுத்து மறுபடி படித்தார். பிறகு அதிலிருந்து ஒரு காட்சியை எடுத்துக்கொண்டார். தொப்பூர்க் கணவாயில் ஒரு சோதனைச் சாவடி. எழுத்தர் கேட்கிறார், "இது என்ன இனம்?" உருட்டான் என்கிறாள் மாதி. அவரிடம் உள்ள படிவத்தில் மாடு, எருமை, ஆடு, பன்றி, இதர என்றுதான் இருக்கிறது. எழுத்தர் 'இதர' என்று எழுதுகிறார். உருட்டானுக்குக் கோபம் வந்துவிடுகிறது. சுருண்டு, கணவாய்ச் சரிவில், லாரிகளுக்கு நடுவே உருள ஆரம்பிக்கிறது. மாதி பின்னாலேயே ஓடுகிறாள்.

என் பணிக்காலத்தில் எத்தனையோ பேரை 'இதர' என்று வகைப்படுத்தியிருக்கிறோம். ஒருவரும் உருண்டதில்லை.

குரல்

உருட்டானுக்கும் மலைக்காரருக்கும் குரல் கொடுத்தவர் முருகேசன். பாலக்கோடு தக்காளி மண்டியில் ஏலம் கூவுபவர். காலையில் ஏலம் முடித்து, தொண்டை கட்டிய நிலையில் வந்து மைக் முன்னால் நிற்பார். உருட்டானின் உறுமலுக்கு அந்தத் தொண்டைதான் வேண்டும் என்பது சுகன்யாவின் கணக்கு. ஒரே சிக்கல், வசனத்தின் கடைசியில் குரல் தானாக மேலே ஏறும்.

"முருகேசண்ணா, ஏலம் வுடாதீங்க."

"நானா வுடறேன்? வாய் கேக்க மாட்டேங்குதும்மா."

மலைக்காரர் உருட்டானை ஒப்படைக்கும்போது ஒரு நீண்ட பேச்சு இருந்தது. அன்பே உன் ஆயுதம், நம்பிக்கையே உன் பாதை என்று போகும். எழுதியது நான் அல்ல. முருகேசன் அதைக் கூவியபோது அன்பு இன்ன விலை, நம்பிக்கை இன்ன விலை என்று யாராவது கேட்டுவிடுவார்களோ என்று இருந்தது.

மாரண்டஹள்ளியில் ஒரு வகுப்பறை

சேனல்காரர் வருவதற்குச் சில நாள் முன்பு, சுகன்யா தன் ஊர் மாரண்டஹள்ளியிலேயே ஒரு பள்ளிக்கூடத்தில் பைலட்டைப் போட்டுப் பார்க்க ஏற்பாடு செய்தார். சேனல்காரரும் அதே பள்ளியில், பிள்ளைகளோடு உட்கார்ந்துதான் பார்ப்பதாகச் சொல்லியிருந்தார்.

ஆரம்பம் நன்றாகவே போனது. மாதி வீட்டுக் கோழியைப் பழக்கப் பாடுபடுவதைப் பார்த்துப் பிள்ளைகள் உருண்டு சிரித்தார்கள். அப்புறம் மலைக்காரர் வந்தார். உருட்டானின் கழுத்துக் கயிற்றை மாதியின் கையில் கொடுத்தார். வகுப்பில் ஒரு சலசலப்பு.

"டீச்சர், கயிறு!"

"என்னடி கயிறு?"

"கயித்தோட குடுத்துட்டாரு டீச்சர். கயித்தோட யாராச்சும் குடுப்பாங்களா?"

பின்வரிசையில் கன்னடம் பேசும் வீட்டுப் பையன் ஒருவன், "ஹக்க! ஹக்க!" என்று கத்தினான். அதுவும் கயிறுதான்.

"அவரு சும்மா இரவலுக்குக் குடுத்திருக்காருடி. குடுக்கறதா இருந்தா கயிறு மாத்திருப்பாங்க இல்ல" என்று இன்னொரு பெண் தீர்ப்புச் சொன்னாள். வகுப்பு அதை ஏற்றுக்கொண்டது.

அதற்குப் பிறகு மாதி என்ன செய்தாலும் எடுபடவில்லை. தொப்பூரில் உருட்டான் லாரிக்கு அடியில் புகுந்து வெளியே வந்தபோதுகூட யாரும் கத்தவில்லை. அடுத்தவர் வீட்டு உயிருக்காக யார் பதறுவார்கள்? படம் முடிந்ததும் முதல் வரிசையிலிருந்து ஒரே ஒரு கேள்வி வந்தது. "அக்கா, இவ எப்ப இத அவரு வூட்ல திருப்பி வுடுவா?"

விஷயம் தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். எங்கள் பக்கம் மாடு விற்றால், விற்றவர் தன் கயிற்றை அவிழ்த்துக்கொள்வார். வாங்கியவர் தான் கொண்டுவந்த புதுக் கயிற்றைக் கட்டி ஓட்டிக்கொண்டு போவார். கயிறு மாறாதவரை மாடு கைமாறவில்லை. இதற்கு அரசாணை கிடையாது. அதனால் என் குறிப்புரையிலும் இல்லை.

திரும்பும் பேருந்தில், பாலக்கோடு தாண்டிய பிறகு சுகன்யா சொன்னார், "எங்கப்பா மாடு வித்துட்டு வந்தா தோள்ல கயிறு மட்டும் திரும்பி வரும் சார். அதப் பாத்துத்தான் நான் அழுவேன். அது எப்படி சார் எனக்குத் தோணாமப் போச்சு?"

"பெங்களூர்ல நீங்க வரைஞ்சதெல்லாம் நாய்க்குட்டிம்மா. அதுக்குக் கழுத்துப் பட்டை, கயிறு கெடையாது."

மீசை

மறுநாள் காலை மாடியில் போர் மூண்டது.

"கயித்தை அவுக்கறதா? கட்டறதா?" தினேஷ் எழுந்தே நின்றுவிட்டான். "அனிமேஷன்ல கயிறுன்னா என்னன்னு தெரியுமா உங்களுக்கு? டிராகன் கேளுங்க, வரைஞ்சு தரேன். வெள்ளம் கேளுங்க, தரேன். ரெண்டு கை, ஒரு முடிச்சு, அது அவுறணும், இன்னொண்ணு விழணும்னா ஒரு மாசம் ஆவும். விரல் கயித்துக்குள்ள பூந்து அந்தப் பக்கம் வந்துரும்."

"வெள்ளிக்கிழமை அவரு வராருடா."

"அப்ப வெள்ளிக்கிழமை பெங்களூர் பஸ் ஏறலாம்."

எனக்கு அந்தப் பெண் பிள்ளை சொன்ன 'இரவல்' என்ற சொல்லே காதில் நின்றது. எங்கள் நடைமுறையில் அதற்கு அழகான பெயர் உண்டு.

"அயற்பணி" என்றேன்.

"என்ன சார்?"

"டெபுடேஷன். ஒரு ஆபீஸ் ஆளை இன்னொரு ஆபீஸுக்கு அனுப்புவாங்க. வேலை அங்க, ஆனா ஆள் இன்னும் பழைய ஆபீஸோட ஆளுதான். புது எடத்துல நிரந்தரமா எடுத்துக்கிட்டாத்தான் பழைய உரிமை போகும். உருட்டானை விக்கவும் இல்ல, குடுக்கவும் இல்ல. அயற்பணியில அனுப்பியிருக்காரு. கயிறு மாறவே வேண்டாம். அவரு வாயால அதச் சொல்லிட்டாப் போதும்."

சுகன்யா நாற்காலியை என் பக்கம் திருப்பினார். "அதான் சார் சொல்பேச்சு கேக்க மாட்டேங்குது. அது இன்னும் இவளுது இல்ல."

"படத்துல ஒரு கோடு மாத்த வேணாமா?" என்று தினேஷ் சந்தேகமாகக் கேட்டான்.

"வசனம் மட்டும். உதடு ஒத்துப்போகுமா?"

அவன் முகத்தில் முதல்முறையாக வெளிச்சம் வந்தது. "மலைக்காரருக்கு உதடே இல்லீங்க. உதடு அசைக்கச் சோம்பேறித்தனமா இருந்துச்சுன்னு பெரிய மீசையா வெச்சுட்டேன்."

அந்த மீசைக்கு அடியில் என்ன வேண்டுமானாலும் சொல்லலாம். அன்பும் நம்பிக்கையும் வெளியே போயின. முருகேசன் வந்து புது வசனத்தைச் சொன்னார்: "கயிறு எங்கூட்டுது கண்ணு. இப்போதைக்கு இருக்கட்டும். இவன் என்னிக்குத் தானா உன் பின்னாடி வர்றானோ, அன்னிக்கு இத அவுத்து எனக்கு அனுப்பிட்டு உன் கயித்தைக் கட்டிக்க."

கடைசிச் சொல்லில் குரல் மேலே ஏறவில்லை. சுகன்யா காரணம் கேட்டார். "விக்கறதில்லையேம்மா, அதான் ஏலம் வரல" என்றார் முருகேசன்.

வெள்ளிக்கிழமை

சேனலிலிருந்து வந்தவர் பெயர் அரவிந்த். தெற்கே வேறொரு வேலையை முடித்து வரும் வழியில், தொப்பூரில் லாரி கவிழ்ந்து வெகுநேரம் மாட்டிக்கொண்டு, தாமதமாகவும் பசியோடும் வந்தார். "உங்க ஊர்ல நெஜமாவே எல்லாம் உருளுது போல" என்றார். வரவேற்பாக அதை எடுத்துக்கொண்டோம்.

இந்த முறை வேறு வகுப்பு. கோழிக்குச் சிரித்தார்கள். கயிறு கைமாறிய கணத்தில் சலசலப்பு கிளம்பியது. மலைக்காரர் பேச ஆரம்பித்ததும் அடங்கிவிட்டது. ஒரு பையன் பக்கத்தில் இருந்தவனிடம், "பாத்தியா, நான் சொன்னேன்ல" என்றான். என்ன சொன்னான் என்று தெரியாது. ஆனால் நான் அப்போதுதான் மூச்சு விட்டேன். சுகன்யா சுவரோரம் நின்று திரையைப் பார்க்காமல் பிள்ளைகளையே பார்த்துக்கொண்டிருந்தார். அரவிந்த் போனைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

கடைசிக் காட்சி. கணவாய் அடியில் உருட்டான் நிற்கிறான். மாதி மூச்சிரைக்க அவனைப் பார்த்துவிட்டு, எதுவும் சொல்லாமல் நடக்கிறாள். உருட்டான் இரண்டு அடி அவள் பின்னால் வைக்கிறான். நிற்கிறான். திரும்பி மலையைப் பார்க்கிறான். அவ்வளவுதான்.

"வந்துட்டான்! கயிறு மாத்து, மாத்து!"

"எங்கடி வந்தான்? மலையப் பாக்கறான் பாரு!"

"ரெண்டடி வந்தானே!"

"ரெண்டடி வந்தா வந்ததா? எங்கூட்டு ஆடுகூட ரெண்டடி வரும்!"

வகுப்பு இரண்டாகப் பிரிந்தது. ஆசிரியை பிரம்பால் மேசையைத் தட்டியும் பயனில்லை. அரவிந்த் போனைக் கீழே வைத்தார். "எதுக்குங்க சண்டை?"

சுகன்யா கயிற்று விஷயத்தைச் சொன்னார். அரவிந்த் கேட்டார், சண்டையைப் பார்த்தார், மறுபடி கேட்டார். "அப்போ எப்போதான் மாத்துவா?"

சுகன்யா அதை யோசித்திருக்கவில்லை. எனக்குத் தெரியும், நானும் யோசிக்கவில்லை. ஆனால் அவர் ஒரு கணம்கூடத் தயங்காமல், "கடைசி எபிசோடுலதாங்க சார்" என்றார்.

"அதுக்கு முன்னாடி மாத்திடாதீங்க. மாத்திட்டா அப்புறம் எவன் பாப்பான்?" என்று சொல்லிவிட்டு, சாப்பாடு எங்கே கிடைக்கும் என்று கேட்டார். ஒப்பந்தம் பின்னர் மெயிலில் வந்தது. ஆனால் அது கையெழுத்தானது அந்த வகுப்பறையில்தான்.

பேருந்தில் எல்லோரும் சிரித்துக்கொண்டு வந்தோம், தினேஷைத் தவிர. "சிரிங்க, சிரிங்க. கடைசி எபிசோடுல அவுக்கப் போறது நான்தான்" என்றான்.

சந்தையில்

இந்தத் தொழிலுக்குப் புதிதாக வருபவர்களுக்கு நான் சொல்லக்கூடியது ஒன்றுதான். பார்ப்பவர்கள் தங்கள் விதிகளோடுதான் வந்து உட்காருகிறார்கள். அவை எங்கும் அச்சாகவில்லை. பறக்கும் பன்றியைக் காட்டுங்கள், நம்புவார்கள். கயிறு மாற்றாமல் மாட்டைக் கொடுங்கள், எழுந்து போய்விடுவார்கள். ஆனால் விதி தெரிந்தால் மட்டும் போதாது என்பதை நான் காரிமங்கலம் சந்தையில்தான் கற்றேன்.

முடிச்சைப் பார்த்து வரைய வேண்டும் என்று தினேஷ் எங்களையும் இழுத்துக்கொண்டு அங்கே போனான். ஒரு சிவப்புக் கிடேரி விலை முடிந்தது. விற்றவர் கயிற்றை அவிழ்த்தார். வாங்கியவர் புதுக் கயிற்றைக் கட்டினார். கண் சிமிட்டுவதற்குள் முடிந்துவிட்டது. தினேஷின் போனில் விற்றவரின் முதுகு மட்டும் பதிவாகியிருந்தது.

"அண்ணே, ஒரு நிமிஷம்" என்று ஓடினான். "இன்னொரு தடவை உங்க கயித்துல கட்டி அவுத்துக் காட்டறீங்களா? வீடியோவுக்கு."

அவர் அவனை மேலும் கீழும் பார்த்தார். "வித்த மாட்டை மறுபடி என் கயித்துல கட்டச் சொல்றியா? கட்டிட்டா அப்புறம் அவுக்க மாட்டேன், பரவால்லியா?" என்று கையை மாட்டின் கழுத்துக்கு நீட்டினார். விளையாட்டாகத்தான்.

வாங்கியவருக்கு அது விளையாட்டாகத் தெரியவில்லை. சட்டென்று மாட்டுக்கும் அவருக்கும் நடுவில் வந்து நின்றார். கட்டியிருந்த முடிச்சின் மேல், விற்றவரை விட்டுக் கண்ணை எடுக்காமல், இறுக்கி இன்னொரு முடிச்சுப் போட்டார். மாட்டை இழுத்துக்கொண்டு கூட்டத்துக்குள் மறைந்தார்.

இந்த முறை தினேஷ் போனைச் சரியாகப் பிடித்திருந்தான். சுகன்யா அதை மறுபடி மறுபடி ஓட்டிப் பார்த்தார். முதல் முடிச்சு நடைமுறை. எனக்கு அது தெரியும். இரண்டாவது முடிச்சுதான் எனக்குத் தெரியாதது.

"இதான்" என்றார் சுகன்யா. "மாதி இப்படித்தான் கட்டுவா."