மணற்கல் நாயின் மூக்கு

வெளியூர் வேலை முடிந்து ஸ்ரீவில்லிபுத்தூர் வீட்டுக் கேட்டைத் திறந்ததுமே தோட்டத்தில் சரக் சரக்கென்று சத்தம். எனக்குப் பழக்கமான சத்தம் அது.

சிறுவயதில், ராஜபாளையம் வீட்டு ரோஜாச் செடிகளுக்கு நடுவே அப்பா ஒரு மணற்கல் நாயை வைத்தார். நிமிர்ந்த தலை, கூர்மூக்கு, அசல் எங்களூர் நாய். வெள்ளிக்கிழமைதோறும் வாசல் கழுவும் அம்மா அதையும் தேங்காய் நாரால் தேய்த்தாள். மணல் உதிர உதிர, அழுக்குப் போகிறதென்று அவளுக்கு ஒரே சந்தோஷம்.

சில வருஷம் கழித்து ஒருநாள் வத்திராயிருப்புச் சித்தப்பா வந்தார். ரோஜாச் செடிப் பக்கம் பார்த்து, "அண்ணே, ஆமை அம்சமா இருக்கு" என்றார்.

அப்பா உள்ளே பார்த்துக் கத்தினார்: "ஏட்டி, நீ தேய்ச்செடுத்தது அழுக்கில்ல, மூக்கு!"

திறந்த கேட்டைச் சாத்தாமலே தோட்டத்துக்கு ஓடினேன். நான் ஆசையாக வாங்கி வைத்த மணற்கல் மயிலுக்குக் கொண்டையைக் காணோம். நாரும் கையுமாக அம்மா நிமிர்ந்தாள்.

"ஏலே, மயில்னு சொல்லி உன் தலையில கோழியக் கட்டிட்டான். தேய்ச்ச பொறவுல்ல தெரியுது!"