நான்கு விரல் குறைந்த கயிறு

கமென்தோல் கிராமத்தில் நெதெல்காவைத் தலைக்கனம் பிடித்தவள் என்பார்கள். வீதியில் நடக்கும்போது அவள் கண் தரைக்கு இறங்காது. இருபத்துநான்கு வருஷமாக அப்படித்தான். கர்வம் ஒன்றுமில்லை. தரையில் மனிதர்களின் நிழல்கள் கிடந்தன. அவற்றைப் பார்க்க அவளால் முடியவில்லை.

அவளுடைய அப்பா பன்னிரு முடிச்சுச் சபையின் கயிற்றுக் காவலர். கடவுள் மூன்று, நான்கு, ஐந்து என்ற கணக்கில்தான் உலகத்தை வரைந்தார் என்பது சபையின் நம்பிக்கை. இரண்டு கையையும் விரித்த நீளத்துக்கு ஒரு முடிச்சாகப் பன்னிரண்டு முடிச்சுகள் போட்ட சணல் வளையம் அவர்களிடம் இருந்தது. மூன்று நீளம் ஒரு பக்கம், நான்கு ஒரு பக்கம், ஐந்து ஒரு பக்கம் என்று முளையடித்து இழுத்தால் மூலை நேராக வந்துவிடும். சிவப்புச் சாயம் பூசிய முடிச்சு எப்போதும் கிழக்கு மூலைக்கு. அந்தக் கயிறு எதையும் அளக்கலாம். அதை மட்டும் எதுவும் அளக்கக் கூடாது. அது பாவம்.

அப்பாவுக்கு ஆண் வாரிசு இல்லாததால், கயிற்றைச் சாம்பல் நீரில் அலசி உலர்த்திப் பெட்டியில் வைக்கும் வேலை நெதெல்காவுக்கு வந்தது. பத்தொன்பது வயதில் ஒருநாள் பெட்டியைத் திறந்தபோது, சிவப்பு முடிச்சை அடுத்து எலி கடித்துக் கயிறு இரண்டாகக் கிடந்தது. அப்பாவின் கைத்தடிக்குப் பயந்து இரண்டு முனையையும் சேர்த்துக் கட்டினாள். முடிச்சுப் போட்டதில் கொஞ்சம் கயிறு போயிற்று. முடிச்சின்மேல் மெழுகு தேய்த்து மறைத்துவிட்டாள். அடுத்த மாதம் அந்தக் கயிற்றால்தான் சபை மண்டபத்துக்கு அஸ்திவாரம் போட்டார்கள்.

ஏழாவது வருஷம் பனிப்பாரத்தில் கிழக்குச் சுவர் சரிந்தது. சுவர் பசித்திருக்கிறது என்றார் சபைத் தலைவர் ப்ரோகோபி. அதற்கு ஒரு வழக்கம் உண்டு. அதிகாலை வெயிலில் ஒருவனுடைய நிழலை நூலால் அளந்து, அந்த நூலை மூலைக்கல்லுக்கு அடியில் வைத்துக் கட்டுவார்கள். நாற்பது நாளுக்குள் அவன் செத்துப்போவான், சுவர் நிற்கும். பண்ணைக்காரன் நிழலையோ, சபைக்காரன் மகன் நிழலையோ எவரும் அளந்ததில்லை. கேட்க ஆளில்லாதவன் நிழலுக்குத்தான் அப்படிப்பட்ட புனிதம்.

அந்த முறை அளந்தது கொலியோவின் நிழலை. எங்கிருந்தோ கூலிக்கு வந்த அநாதை. நெதெல்காவைக் கட்டிக்கொண்டு நான்கு வருஷம் ஆகியிருந்தது. ப்ரோகோபியின் கைக்குள் நூல் நுனியைப் பார்த்துவிட்டு வீட்டுக்கு வந்தவன் அன்றிலிருந்து ரொட்டியைத் தொடவில்லை. பட்டணத்திலிருந்து வந்த டாக்டர் தட்டிப் பார்த்து, உடம்பில் ஒன்றுமில்லை என்றார். தினமும் காலையில் கொலியோ வாசலில் போய் நிற்பான்.

"நெதெல்கா, என் நிழலு இன்னும் கீழ விழுதா பாரு. எனக்குச் சரியா தெரியல."

விழுகிறது என்பாள். முப்பத்தெட்டாம் நாள் அவளைக் கூப்பிடவில்லை.

சுவர் நின்றது. பனி குறைந்த வருஷங்கள் அவை. பிறகு மறுபடி விழுந்தது. ஊருக்கு வெளியே குடிசை போட்டிருந்த கம்பளி கோதும் கிழவி ஒருத்தியின் நூல் உள்ளே போயிற்று. இந்த வசந்தத்தில் மூன்றாம் தடவை விழுந்தபோது, சுண்ணாம்பு குழைக்க வந்த சாலியின் பெயர் அடிபட்டது. பாத்திரங்களுக்கு ஈயம் பூசித் திரியும் கூட்டத்துப் பையன்.

அந்த வாரம் பட்டணத்துத் தச்சன் புது உத்தரங்களை வண்டியில் கொண்டுவந்து இறக்கினான். மூலைமட்டத்தை அஸ்திவாரத்தில் வைத்துப் பார்த்து, உத்தரமெல்லாம் சரி, மூலைதான் கோணல், ஒரு பக்கம் சுவரில் உட்காரவே இடமில்லை, பனி விழுந்தால் தள்ளிவிடாமல் என்ன செய்யும் என்றான். கயிறு தவறுமா என்று சபையார் சிரித்தார்கள். நெதெல்காவுக்கு மட்டும் மெழுகு தேய்த்த முடிச்சு ஞாபகம் வந்தது.

வீட்டுக்குப் போய்க் கதவைச் சாத்தினாள். வைக்கோல் வாரியின் காம்பில் கரியால் கோடு போட்டு, கயிற்றை முடிச்சுக்கு முடிச்சு வைத்து அளந்தாள். பதினொன்று ஒரே நீளம். பன்னிரண்டாவது நான்கு விரல் குறைவு. வாசலில் கொலியோ நிற்பதுபோல் இருந்தது. பேய் என்று ஒன்று இல்லை என்பது அவளுக்குத் தெரியும். இருந்தால் மன்னிப்பாவது கேட்டிருக்கலாம்.

ஞாயிற்றுக்கிழமை விடியலில் நூலோடு நின்ற சபையாருக்கு முன்னால் போய் அவள் கயிற்றை விரித்தாள். வாரியின் காம்பை அதன்மேல் வைத்தாள். சாலி சுண்ணாம்புத் தொட்டிக்குப் பக்கத்தில் நின்றான்.

"என் நிழல எடுத்து என்னக்கா பண்ணப் போறாங்க? அதுவும் என்னைய மாதிரி இடம் இல்லாம அலையுது" என்றான். சிரிக்கத்தான் பார்த்தான். பிறகு மண்வெட்டியைத் தொட்டிக்குள் விட்டுச் சுண்ணாம்பைக் கிளறினான்.

ப்ரோகோபி குறைந்த இடத்தைப் பார்த்தார். பார்க்காததுபோல் முகத்தைத் திருப்பிக்கொண்டார். பிறகு அவளருகில் வந்து தணிந்த குரலில் சொன்னார்:

"யோசிச்சுப் பேசும்மா. கயிறு தப்புன்னா, கொலியோ உன் முடிச்சாலதான் செத்தான்னு ஆயிடும். வெளிய சொல்லிட்டு அப்புறம் உன்னால தூங்க முடியுமா?"

"முடிச்சு நான் போட்டது, பெரியவரே" என்றாள் நெதெல்கா, எல்லாருக்கும் கேட்கும்படி. "எலி கடிச்சுது, பயந்து மறைச்சேன். அது என் தலைமேல இருக்கட்டும். நிழல அளந்தது நீங்க. ஒரு தடவகூட உங்க நிழல அளக்கல."

தச்சன் போய் மூலைமட்டத்தை எடுத்துவந்தான். நூல் ப்ரோகோபியின் கையிலேயே சுருண்டது. சபை நெதெல்காவைத் தள்ளிவைத்தது. கயிறு தவறாது, பெண் கைதான் தீட்டு என்று இன்றைக்கும் சொல்கிறார்கள். ஆனால் கிழக்கு மூலையைத் தச்சனின் மட்டத்துக்குத்தான் கட்டினார்கள். பழைய அடிக்கல்லைத் தோண்டியபோது இரண்டு நூல்கள் கிடைத்தன. எது கொலியோவுடையது என்று தெரியாததால் இரண்டையும் அவள் வாங்கி வைத்துக்கொண்டாள்.

அந்த ஞாயிற்றுக்கிழமையிலிருந்து நாற்பத்தோராம் நாள் காலை சாலி வந்து வேலிக்கு அப்பால் நின்றான். அவனும் நாட்களை எண்ணிக்கொண்டிருந்திருக்கிறான். அவள் கேட்கவில்லை, அவன் முகத்தில் தெரிந்தது.

"ரெண்டு வெங்காயம் இருந்தா குடுங்கக்கா. பசி உயிர் போவுது."

எடுத்துவந்து நீட்டும்போது, வேண்டாம் என்று நினைத்தும் அவள் கண் இறங்கியது. வேலியைத் தாண்டி, மண்ணில், அவள் காலடிவரை அவன் நிழல் நீளமாக விழுந்திருந்தது. அவன் போய் வளைவில் திரும்பும்வரை அதையே பார்த்துக்கொண்டு நின்றாள்.