பச்சைக்கண்ணின் அம்மா

காலையில் கல்லில் ஒரு தோசையை ஊற்றிவிட்டுக் கைப்பேசியைப் பார்த்தேன். வாட்சப்பில் மல்லிகா அக்காவின் குரல், கடலுக்கு அந்தப்புறம் உள்ள சபா மாநிலத்திலிருந்து. அக்கா எழுதி அனுப்புவதே இல்லை. எதுவானாலும் வாயால் சொன்னால்தான் அவருக்குச் சொன்ன மாதிரி இருக்கும்.

"யம்மா, பசியாறிட்டியா? நம்ம பச்சக்கண்ணு தமிழ் பேசுறா, தெரியுமா? சுத்தத் தமிழ்லா! 'உக்காருங்க, டீ குடிங்க'ங்கிறா. நேத்து பூரா பாத்து கண்ணு எரியுது. கீழ ஒரு லிங்க் போட்டிருக்கேன், அவ குடுத்த பேட்டி. இங்கிலீசுல எழுத்து ஓடுது. யோகேஸ் ஸ்கூல் விட்டு வந்ததும் படிச்சுச் சொல்றேன்னிருக்கா. நீயும் பாரு."

தோசை கருகிவிட்டது. பச்சைக்கண்ணு தமிழ் பேசியதால் இல்லை, அந்தப் பேட்டியால். பன்னிரண்டு வருஷத்துக்கு முன்னால் அந்தத் துருக்கி நடிகையைப் பற்றி நான் ஒரு பொய் சொன்னேன். அதை நம்பித்தான் மல்லிகா அக்கா தன் ஒரே மகள் யோகேஸைக் கடல் தாண்டிப் படிக்க அனுப்பினார். சாயங்காலத்துக்குள் அந்த மகளே அவருக்கு உண்மையைப் படித்துக் காட்டப்போகிறாள். அது என்ன பொய் என்று தெரிய, நீங்கள் முதலில் எங்கள் பஸ்ஸில் ஏறவேண்டும்.

கோலாலம்பூருக்கு வடக்கே ரவாங்கில் இருந்த ஒரு கையுறைத் தொழிற்சாலையின் பஸ் அது. தஞ்சோங் காராங்கில் நாலைந்து பேரை ஏற்றிக்கொண்டு, கம்போங் குவாந்தானைத் தாண்டி உள்ளே இருந்த எங்கள் தோட்டத்து முச்சந்திக்கு விடியும்போது வந்து நிற்கும். நீலத் தகரக்கூரை போட்ட ஒரு சின்ன நிறுத்தம் அங்கே இருந்தது. ஏறியதும் ஒரு வாசனை வரும். டீசல், தலைவலித் தைலம், யாரோ மடியில் வைத்திருக்கும் நாசி லெமாக் தேங்காய்ப்பால் சோற்றின் சம்பல், முதல் நாள் வைத்த மல்லிகைப்பூ. இன்றைக்கும் பேரங்காடியில் யாராவது தைலம் தடவியபடி என்னைக் கடந்துபோனால் என் கால் தானாகப் படி ஏறப்பார்க்கும். எங்கள் அம்மாக்கள் ரப்பர் மரம் சீவிப் பால் எடுத்தவர்கள். நாங்கள் அந்தப் பாலில் செய்த கையுறையில் ஓட்டை இருக்கிறதா என்று பார்த்தோம். இதை முன்னேற்றம் என்று சொன்னார்கள், நாங்களும் ஒத்துக்கொண்டோம்.

தொழிற்சாலைக்கு ஒரு மணி நேரப் பயணம். அந்த ஒரு மணி நேரமும் நான்தான் பேசுவேன். அந்தக் காலத்தில் தொலைக்காட்சியில் சாயங்காலம் ஒரு துருக்கித் தொடர் வந்தது, கீழே மலாய் எழுத்து ஓடும். பஸ்ஸில் வந்த அக்காமார் மலாய் பேசினால் சந்தையில் மீன்காரர் விலையைக் குறைத்துவிட்டுத்தான் மறுவேலை பார்ப்பார். ஆனால் ஓடும் எழுத்தைப் படிப்பதற்குள் கதாநாயகி அழுது முடித்துவிடுவாள். போதாததற்கு அது சமையல் நேரம். பஸ்ஸில், பல்கலைக்கழகத்துக்கு முந்தின வகுப்பான படிவம் ஆறு வரை படித்தவள் நான் ஒருத்திதான். அதனால் முந்தின நாள் கதையைச் சொல்வது என் பொறுப்பாயிற்று. "நியூஸ் ஆரம்பிக்கலாமா?" என்று யாராவது கேட்பார்கள். ஓட்டுநர் மணியம் அண்ணன் உடனே வானொலியைக் குறைப்பார். பொம்பளைகள் நாடகத்தில் தனக்கு அக்கறை இல்லை என்பது அவர் கட்சி. ஆனால் கதை முடியாவிட்டால், ரவாங் எல்லை வந்ததும் பஸ் மாட்டுவண்டி வேகத்துக்கு வந்துவிடும்.

கதாநாயகிக்குப் பச்சைக் கண். அவள் பெயரை நான் இன்றுவரை சரியாக உச்சரித்ததில்லை, இங்கேயும் முயற்சி செய்யப்போவதில்லை. எனக்கு முன் சீட்டில் வரும் மல்லிகா அக்காதான் பச்சைக்கண்ணு என்று பெயர் வைத்தார். ஒரே வாரத்தில் மொத்த பஸ்ஸும் அப்படியே கூப்பிட ஆரம்பித்துவிட்டது.

கதை போதாமல் போனது. அவள் யார், கல்யாணம் ஆகிவிட்டதா, எந்த ஊர், அப்பா என்ன வேலை என்றெல்லாம் கேட்டார்கள். என் கைப்பேசியில் இணையம் நத்தையாக ஊர்ந்தாலும் சில விஷயங்களைத் தேடிப் பிடித்தேன். முதலில் நாடக மேடையில் ஒரு வசனம்கூட இல்லாமல் தட்டு ஏந்தி நின்றிருக்கிறாள். பிறகு ஒரு ஷாம்பு விளம்பரம், பிறகு கதாநாயகியின் தோழி, பிறகு இந்தத் தொடர். சின்ன வயதைப் பற்றி எதுவும் கிடைக்கவில்லை. ஒரே ஒரு படம் கிடைத்தது. மலைச்சரிவு முழுக்கத் தேயிலை, நடுவில் பச்சைக்கண்ணு, முதுகில் கூடை.

வேறு யாராவது அந்தப் படத்தைப் பார்த்திருந்தால் விளம்பரம் என்று நினைத்திருப்பார்கள். எங்களுக்கு முதுகில் கூடை என்றால் வேலை. வேஷத்துக்காகக் கூடை மாட்டுவார்கள் என்று எங்களில் ஒருவருக்கும் தோன்றவில்லை. "தோட்டத்துப் புள்ளலா!" என்று பஸ் கொண்டாடியது. கேமரன் மலைத் தேயிலைத் தோட்டத்தில் பிறந்து இங்கே வாழ்க்கைப்பட்டவர் மல்லிகா அக்கா. அவர் மட்டும் படத்தை வாங்கி வெகுநேரம் பார்த்தார்.

"கயிற தோள்ல மாட்டிருக்கா. எங்கம்மாவெல்லாம் தலையிலதான் மாட்டுவாங்க. நகத்துல சாயம் வேற," என்றார். பிறகு அவரே, "சினிமாவுக்குப் போனப்புறம் மறந்திருக்கும், பாவம்," என்று முடித்துக்கொண்டார்.

அன்றிலிருந்து நான் அவளுக்கு ஒரு தோட்டத்துப் பிள்ளைப்பருவத்தைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கட்டிக்கொடுத்தேன். வரிசையாக ஒட்டிக் கட்டிய லயத்து வீடு, தோட்டத்துப் பள்ளி, மழைக்காலத்தில் ஒழுகும் கூரை. பெரிய கற்பனை ஒன்றும் தேவைப்படவில்லை, எங்கள் வீட்டைப் பார்த்தே சொன்னேன்.

இந்த இடத்தில் என் கடிதத்தைப் பற்றியும் சொல்லவேண்டும். படிவம் ஆறு முடித்ததும் எனக்கு வடக்கே கெடா மாநிலத்தில் ஒரு பல்கலைக்கழகத்தில் இடம் கிடைத்தது. அப்பா இறந்து ஒரு வருஷம்கூட ஆகாத நேரம். அம்மா போகாதே என்று சொல்லவில்லை. இரண்டு நாள் சாப்பிடாமல் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தாள். மூன்றாம் நாள், "நீ போயிட்டா நான் யாருகூட பேசுவேன்?" என்று மட்டும் கேட்டாள். நான் கடிதத்தை அரிசி டின்னுக்கு அடியில் வைத்துவிட்டு அடுத்த மாதம் தொழிற்சாலை பஸ்ஸில் ஏறினேன். எனக்கு அம்மாமேல் கோபம் இருந்தது. அவள் இறந்து நான்கு வருஷமாகிறது, கோபம் இன்னும் கொஞ்சம் மிச்சமிருக்கிறது. பாசமும் குறையாமல் இருக்கிறது, அதுதான் தொல்லை.

இரண்டு வருஷம் கழித்து மல்லிகா அக்கா மகள் யோகேஸ்வரிக்கு அதே மாதிரி ஒரு கடிதம் வந்தது. சபாவில் ஆசிரியர் பயிற்சிக் கல்லூரி. வெள்ளிக்கிழமைக்குள் பதில் போடவேண்டும். அக்காவின் கணவர் ஒரு லோரி விபத்தில் போய்விட்டவர், வீட்டில் தாயும் மகளும் மட்டும்தான். அக்காவின் அண்ணன், "பொட்டப்புள்ளய கடல் தாண்டி அனுப்பிட்டு நீ என்னா பண்ணப்போற? பேசாம உன்கூட ஃபேக்டரிக்குக் கூட்டிட்டுப் போ," என்று சொல்லிவிட்டார். எங்கள் பிரிவில் அப்போது ஆளும் தேவைப்பட்டது. யோகேஸுக்குச் சீருடை அளவுகூடக் கேட்டாகிவிட்டது.

புதன்கிழமை காலை பஸ்ஸில் நான் கதையை ஆரம்பிக்கும் முன்பே மல்லிகா அக்கா திரும்பி உட்கார்ந்தார்.

"பச்சக்கண்ணு நாடகத்துல நடிக்க ஊர விட்டுப் போனாள்ல. அன்னைக்கு அவங்கம்மா என்னா பண்ணுனாங்க?"

எனக்கு எதுவும் தெரியாது. தெரியாதுக்கா என்று சொல்லியிருக்கலாம். நான் சன்னலுக்கு வெளியே பார்த்தேன். பெஸ்தாரி ஜெயா பக்கம் பழைய ஈயச் சுரங்கக் குட்டைகள் விடியும் வெளிச்சத்தில் தெரிந்தன. யோகேஸ் என் பக்கத்தில் உட்கார்ந்து கையுறைக்குள் காற்றடித்து ஓட்டை பார்க்கப்போகிறாள் என்று தோன்றியது. அந்த நினைப்பு எனக்குப் பிடிக்கவில்லை.

"அவங்கம்மாவும் தனியாத்தான்க்கா இருந்தாங்க," என்று ஆரம்பித்தேன். "சொந்தக்காரங்க யாருக்கும் இஷ்டமில்ல. அவங்கம்மா யாருக்கும் பதில் சொல்லல. காலையில எந்திரிச்சு ரொட்டி சுட்டு துணியில கட்டுனாங்க. கூடைய மாட்டிக்கிட்டு பஸ் ஸ்டாப்பு வரைக்கும் வந்தாங்க."

"அழுதாங்களா?"

"இல்லக்கா. பஸ் வந்திச்சு. 'முன்னாடி சீட்டுல உக்காரு, வாந்தி வராது'ன்னு சொன்னாங்க. அவ்வளவுதான்."

"அப்புறம்?"

"அப்புறம் வேலைக்குப் போயிட்டாங்க. லேட்டுன்னு மண்டோர் ஏசுனாரு."

துருக்கியில் வேலையை மேற்பார்க்கும் மண்டோர் உண்டா என்று யாரும் கேட்கவில்லை. "ஏசத்தான் செய்வான்," என்றார் மணியம் அண்ணன், வாழ்க்கையிலேயே முதல் தடவையாகக் கதைக்குள் வாயைவிட்டு. மல்லிகா அக்கா முன்பக்கம் திரும்பிக்கொண்டார். வெள்ளிக்கிழமை கல்லூரிச் சேர்க்கைப் பாரத்தில் கையெழுத்துப் போட்டார்.

யோகேஸ் கிளம்பியது ஒரு ஞாயிற்றுக்கிழமை. மாமா காரைத் தரவில்லை. பொது பஸ்ஸில் கோலாலம்பூர் போய், அங்கே ஒரு தோழி வீட்டில் தங்கி விமானம் ஏறுவதாக ஏற்பாடு. எங்கள் நீலத் தகரக்கூரை நிறுத்தத்தில் நானும் நின்றேன். அக்கா புளிசாதம் கட்டிக்கொண்டு வந்திருந்தார். அழவில்லை. பஸ் வந்து நின்றதும் மகளின் பையைத் தூக்கிப் படியில் வைத்தார்.

"முன்னாடி சீட்டுல உக்காரு. வாந்தி வராது."

யோகேஸ் முழித்தாள். "எனக்கு எப்பம்மா வாந்தி வந்திச்சு?"

நான் வேறு பக்கம் பார்த்துக்கொண்டேன். நான் செய்தது நல்லதா கெட்டதா என்று அந்த நிமிஷம் எனக்குத் தெரியவில்லை. வீட்டுக்குப் போய் அரிசி டின்னைத் தூக்கிப் பார்த்தேன். கடிதம் அங்கேயே இருந்தது, எறும்பு அரித்து.

பச்சைக்கண்ணின் தொடரும் கொஞ்ச நாளில் முடிந்தது. அவள் சினிமாவுக்குப் போனாள். முதல் படம் ஊற்றிக்கொண்டது. இரண்டாவது படத்தில் மொட்டை அடித்துக்கொண்டு நோயாளியாக நடித்து விருது வாங்கினாள். அந்தப் படத்தைக் காட்டியபோது, "எந்தச் சாமிக்கு வேண்டுதல்?" என்று கேட்டார்கள் பஸ்ஸில். மல்லிகா அக்கா அந்த வெள்ளிக்கிழமை மாரியம்மன் கோயிலில் யோகேஸ் பெயருக்கு அர்ச்சனை செய்துவிட்டு, இன்னொரு தட்டையும் நீட்டினார். ஐயர் பெயர் கேட்டார். பச்சைக்கண்ணு என்றார் அக்கா. நட்சத்திரம் கேட்டார். அக்கா என்னைப் பார்த்தார், அதுவும் எனக்குத் தெரிந்திருக்கும் என்ற நம்பிக்கையில். அந்த ஒரு பொய்க்கு மட்டும் எனக்குத் துணிச்சல் வரவில்லை. "சாமி பேருக்கே பண்ணிருங்க," என்றேன்.

பிறகு எல்லாம் ஒவ்வொன்றாகப் போனது. தொழிற்சாலை வெளிநாட்டுப் பிள்ளைகளை வேலைக்கு எடுத்துப் பக்கத்திலேயே விடுதி கட்டிக் கொடுத்தது. பஸ்ஸை நிறுத்திவிட்டார்கள். மணியம் அண்ணன் பள்ளி வேன் ஓட்டி, அதையும் விட்டுவிட்டார். லயங்களை இடித்து எண்ணெய்ப்பனையான செம்பனை நட்டார்கள். நான் ரவாங்குக்குக் குடிவந்து ஓர் அலுவலகத்தில் கோப்பு அடுக்குகிறேன். தோட்டத்துப் பாஷையில் சொன்னால் கிராணியம்மா. மல்லிகா அக்கா சபாவில் மகள் வீட்டில் பேரனை வளர்க்கிறார். இப்போது அவரவர் தொடரை அவரவர் கைப்பேசியில் பார்க்கிறோம், யாரும் யாருக்கும் கதை சொல்லவேண்டியதில்லை. மதியம், தமிழில் குரல் மாற்றிய அந்தத் தொடரை நானும் கொஞ்சம் பார்த்தேன். பச்சைக்கண்ணுக்கு இப்போது அம்மா வேஷம். குரல் சென்னையில் யாரோ ஒரு பெண்ணுடையது, நன்றாகத்தான் இருந்தது. எனக்குத்தான் கொஞ்சம் பொறாமை.

அப்புறம் பயந்துகொண்டே பேட்டியைப் பார்த்தேன். அவள் அப்பா பெரிய நகரத்தில் பல் டாக்டராம். தேயிலைத் தோட்டத்துக்கு வாழ்க்கையில் ஒரே ஒரு நாள் போயிருக்கிறாள், விளம்பரத்துக்காக. கூடைக்குள் பஞ்சு அடைத்திருந்தார்களாம், அதைச் சொல்லிச் சிரித்தாள். அம்மாவைப் பற்றிக் கேட்டதும் சிரிப்பு நின்றது. நடிக்கப் போகிறேன் என்று சொன்ன நாளிலிருந்து அம்மா சாப்பிடவில்லை, கிளம்பும்போது வாசலுக்கே வரவில்லை என்றாள். நான் அந்த இடத்தை நிறுத்திவிட்டு மறுபடி ஓட்டிக் கேட்டேன். அவளை எங்கள் ஊர்க்காரியாக்க நான் என்னென்னவோ சொல்லியிருக்கிறேன். என் வீட்டில் நடந்ததே அவள் வீட்டிலும் நடந்திருக்கிறது என்று மட்டும் நினைத்துப் பார்க்கவில்லை. அவள் போய்விட்டாள், நான் போகவில்லை.

சாயங்காலம் மல்லிகா அக்கா கூப்பிட்டார்.

"பாத்தியா?"

"பாத்தேன்க்கா."

"தேயிலை இல்லயாம்லா."

"இல்லக்கா."

"அதான் கயிறு தோள்ல கெடந்திச்சு," என்று சிரித்தார். நான் சிரிக்கவில்லை. அக்காவின் சிரிப்பும் நின்றது. "அவங்கம்மா வாசலுக்கே வரலயாம். யோகேஸ் ரெண்டு தடவ படிச்சுக் காட்டுனா."

"பொய் சொல்லிட்டேன்க்கா. எனக்கு அப்ப ஒண்ணுமே தெரியாது. மன்னிச்சிருங்க."

அந்தப் பக்கம் பேரன் எதையோ கேட்டு அழுதுகொண்டிருந்தான். அக்கா அவனை அதட்டிவிட்டு வந்தார்.

"அப்ப அந்த பஸ் ஸ்டாப்புல அன்னைக்கு யாருமே நிக்கலயா?"

"யாரும் நிக்கலக்கா."



"நான் நின்னேன்லா," என்றார்.

ஆமாம், நின்றார். வாசனைக்கு நாலு பேர் திரும்பிப் பார்க்கும் புளிசாதத்தைக் கட்டிக் கொடுத்துவிட்டு, நீலத் தகரக்கூரைக்குக் கீழே, பஸ் வளைவில் மறையும்வரை நின்றார். போன மாதம் அந்தப் பக்கம் போயிருந்தேன். சாலையை அகலப்படுத்தியிருக்கிறார்கள், நிறுத்தம் இருந்த இடத்தின் மேல் இப்போது லோரிகள் போய்க்கொண்டிருக்கின்றன.