நப்லாவின் கண்ணைக் கட்டிய நாள்

கல்முனையில் பாலர் பாடசாலை நடத்தும் பஸ்னா டீச்சரை, முகம் தெரியாதவர்கள்கூடக் குரலை வைத்து அடையாளம் கண்டுகொள்வார்கள். சனிக்கிழமை காலைகளில் உள்ளூர் வானொலியில் ‘கண்ணப் பொத்து, காதத் திற’ என்ற நிகழ்ச்சியை நடத்துகிறார். தேங்காய் திருவும் சத்தம், தகரக் கூரையில் மழை, பேக்கரிப் பாண் விற்கும் ஆட்டோவின் பாட்டு என்று ஏதாவது ஒலிக்கும். பிள்ளைகள் கண்ணை மூடிக்கொண்டு அது என்னவென்று சொல்லவேண்டும். பதில்களைத் தன் வகுப்பிலேயே பதிவுசெய்வார்.

ஐந்து வயது நப்லா ஒருநாளும் சரியாகச் சொன்னதில்லை. குருவிச் சத்தத்துக்கு “லொறி” என்றாள். பஸ்னா அந்தப் பதிலுக்குப் பின்னால் ‘டொய்ங்’ என்று ஒரு வேடிக்கை ஓசையைச் சேர்த்தார். கேட்டவர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். “டீச்சர், அந்த லொறிப் புள்ளய இந்தக் கிழமையும் போடுங்க” என்று கடைத்தெருவில் கேட்டார்கள். அவரும் போட்டார்.

நப்லா இடையிடையே கண்ணைத் திறந்து டீச்சரின் வாயைப் பார்ப்பாள். கள்ள விளையாட்டு என்று நினைத்த பஸ்னா, ஒருநாள் தன் தோளில் கிடந்த சோலால் அவள் கண்களைக் கட்டினார். பின்னால் நின்று மெல்லப் பெயரைக் கூப்பிட்டால் திரும்பவேண்டும், அவ்வளவுதான் விளையாட்டு. மூன்று தரம் கூப்பிட்டார். நப்லா திரும்பவில்லை. மற்றப் பிள்ளைகள் சிரிக்க, அவள் இரண்டு கைகளையும் நீட்டிக் காற்றைத் துழாவினாள்.

பஸ்னா அவசரமாகக் கட்டை அவிழ்த்தார்.

அன்று பின்னேரமே நப்லாவின் உம்மா ஆகிலாவைத் தேடிப்போனார்.

“புள்ளக்கிக் காது சரியாக் கேக்குதில்ல போல. ஆஸ்பத்திரிக்கிக் கூட்டிட்டுப் போவம். நான் இது தெரியாம ஊரையே சிரிக்க வெச்சிட்டன். என்ன மன்னிச்சிக்கங்க.”

ஆகிலா, “நீங்க மட்டுமா டீச்சர்? ரேடியோவக் கேட்டு நாங்களும்தான் சிரிச்சம். நாங்க சிரிக்கக்குள்ள அவளும் சிரிச்சாள்” என்றார்.

ஏசியிருந்தால் தாங்கியிருக்கலாம் என்று பஸ்னாவுக்குத் தோன்றியது.

இரண்டு காதும் பிறவியிலேயே மந்தம் என்றார் டொக்டர். இவ்வளவு நாளும் உதடுகளைப் பார்த்தே சமாளித்திருக்கிறாள். சில மாதங்களில் காதுக் கருவி கிடைத்தது.

டொக்டரைக் கண்ட அடுத்த சனிக்கிழமையே, பிள்ளையின் பெயரைச் சொல்லாமல், தான் செய்த பிழையை பஸ்னா வானொலியில் சொன்னார். கூப்பிட்டால் திரும்பாத பிள்ளைகளை ஏசாமல் காதைச் சோதிக்கச் சொன்னார். நாலைந்து தாய்மார் அழைத்து நன்றி சொன்னார்கள். அந்த நன்றி அவருக்கு உறுத்தலாகவே இருந்தது.

இப்போது நப்லா முதலாம் வகுப்பு. போன மாதம் வழியில் கண்டபோது பஸ்னா குனிந்து, முகம் தெரிய நின்று கேட்டார்.

“ரேடியோல கதைக்க வாறியா மகள்?”

“வரமாட்டன் டீச்சர்.”

பஸ்னா இரண்டாம் தரம் கேட்கவில்லை.