மேலிடம் இல்லாத கதிரை

எந்தக் கடிதமானாலும் பிரகலாதன் அடியிலிருந்துதான் படிப்பார். முதலில் கையொப்பம், அடுத்து திகதி, பிறகு முத்திரை. மூன்றும் சரியென்றால்தான் கண் மேலே ஏறும். படித்து முடித்ததும் தாளைத் திருப்பி அதன் வெறும் முதுகையும் ஒருதரம் பார்ப்பார். அங்கே ஒன்றும் எழுதியிருக்காது. அது அவருக்கும் தெரியும். இருந்தாலும் பார்ப்பார். அவர் பிரதேச சபைத் தவிசாளர், சபையின் தலைவர்; அவருடைய மேசைக்கு முன்னால் நிற்பவர்களுக்கு அதற்குள் வியர்த்துவிடும், தாங்கள் கொண்டுவந்த விண்ணப்பத்தில் ஏதோ பிழை என்று. அவர்களைவிடக் கூடுதலாக வியர்ப்பது அவருக்குத்தான்.

மெலிந்த மனிதர். ஐம்பத்து மூன்று வயது. கழுத்துவரை பொத்தான் பூட்டிய வெள்ளைச் சட்டை. சட்டைப்பையில் இரண்டு பேனா, பக்கத்தில் வயிற்றெரிவுக் குளிசை அட்டை. வங்கிக் காரைத் திருப்பிக் கொடுத்த பிறகு மனைவியின் ஸ்கூட்டியில்தான் சபைக்கு வருகிறார். யோசனை கூடிய நாட்களில் தலைக்கவசத்தைக் கழற்ற மறந்து, அப்படியே வந்து கதிரையில் உட்கார்ந்துவிடுவார். சபைப் பணியாளர்கள் அதை வைத்தே அன்றைய நாள் எப்படியிருக்கும் என்று மட்டுக்கட்டுவார்கள்.

இருபத்தாறு வருடம் யாழ்ப்பாண நகரில் ஒரு தனியார் வங்கியில் இருந்தவர். கடைசி ஒன்பது வருடம் கிளை முகாமையாளர். குளிரூட்டிய கண்ணாடி அறை, வாசலில் காவலாளி, எதிரே பணிவாக உட்கார்ந்திருக்கும் வாடிக்கையாளர். அந்தக் கதிரையில் அவர் அதிகம் சொன்ன வசனம் ஒன்றுதான்: "மேலை அனுப்பிப்போட்டுச் சொல்லுறன்." மேலே என்றால் கொழும்பு. ஓம் என்றாலும் இல்லை என்றாலும் அது கொழும்பிலிருந்து வரும். இவர் நல்லவராகவே இருந்துவிடலாம்.

வேலையை விடுவதற்கு ஓய்வு வயது வரவில்லை. காரணம் முத்துக்குமாரு.

முத்துக்குமாரு வங்கி வாசலில் பதினொரு வருடம் அவருக்குக் கண்ணாடிக் கதவைத் திறந்துவிட்ட காவலாளி. கார்த்திகை மாதம் பிறந்தால் அந்த மனிதரின் காற்சட்டை ஈரமாக இருக்கும், கடைசி வருடங்களில் முழங்கால்வரை. பிரகலாதன் அதைப் பார்த்திருக்கிறார். ஏன் என்று ஒருநாளும் கேட்டதில்லை. ஒரு மார்கழிக் காலையில் கதவை வேறொருவர் திறந்தார். முத்துக்குமாருவுக்கு, தேங்கிய தண்ணீரில் தொற்றும் எலிக்காய்ச்சல். நாலாம் நாள் முடிந்துபோனார்.

செத்தவீடு நாவலடிப் பள்ளத்தில். தன்னுடைய வீட்டிலிருந்து ஒன்றரைக் கிலோமீற்றர்கூட இல்லாத அந்தக் குடியிருப்புக்கு அன்றுதான் முதல்தடவையாகப் போனார். சப்பாத்தைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டு தண்ணீருக்குள் நடந்தார். பிரேதப் பெட்டியை நிலத்தில் வைக்க வழியில்லாமல், பள்ளிக்கூடத்திலிருந்து தூக்கிவந்த இரண்டு மேசைகளின்மேல் வைத்திருந்தார்கள். மேசைக் கால்களைச் சுற்றித் தண்ணீர் சுழித்தது. அழுதழுது குரல் கம்மிப்போன மகள் தர்சிகா அவரை அடையாளம் கண்டு கிட்ட வந்தாள்.

"அப்பா உங்களைப் பற்றிக் கதைக்கிறவர் சேர். எங்கடை சேர் நல்ல மனிசன் எண்டுதான் சொல்லுவார்."

அந்தச் சொல் அவரைச் சும்மா இருக்கவிடவில்லை. அடுத்த வருடம் உள்ளூராட்சித் தேர்தல் வந்தபோது, அறிவித்தல் வந்த கிழமையே வேலையை விட்டுவிட்டு, ஒரு சுயேச்சைக் குழுவில் பெயர் கொடுத்துவிட்டு வீட்டுக்கு வந்தார். மனைவி சிவகௌரி கேட்டது ஒரே கேள்வி. "இஞ்சேருங்கோ, உங்களுக்குப் பேச வருமே?"

வரவில்லைத்தான். மேடையில் ஏறினால் வங்கிச் சுற்றறிக்கை வாசிப்பதுபோல வாசித்தார். எதிர்த்தரப்பு அவருக்கு 'பாங்கர்' என்று பட்டம் வைத்தது. "பாங்கருக்கு வோட்டுப் போட்டால் திரும்பவும் பங்கருக்குள்ளைதான் இருக்கவேணும்" என்று சந்தியில் ஒலிபெருக்கி கட்டிச் சொன்னார்கள். ஷெல்லடிக் காலத்தில் பதுங்குகுழிக்குள் கிடந்த சனம் விழுந்து விழுந்து சிரித்தது. சிரித்துப்போட்டு அவருக்கே கொஞ்சம் வாக்கும் போட்டது. இரண்டு பெரிய கட்சிகளும் மற்றவன் வரக்கூடாது என்பதில் குறியாக நிற்க, நடுவில் நின்ற இவர் தவிசாளர் ஆனார்.

தவிசாளரான முதல் கிழமை. சந்தைக்குள் மீன் விற்க இடம் கேட்டு, குருநகரிலிருந்து வந்து வியாபாரம் செய்யும் லூர்த்தம்மா அவர்முன் நின்றார். பழக்கதோஷத்தில் பிரகலாதன் சொன்னார்: "மேலை அனுப்பிப்போட்டுச் சொல்லுறன்."

லூர்த்தம்மா கூரையை அண்ணாந்து பார்த்தார். "மேலை ஆர் தம்பி இருக்கினம்? காத்தாடிதானே சுத்துது."

அறை முழுக்கச் சிரித்தது. பிரகலாதனும் சிரித்தார். அன்று மாலைதான் முதல் குளிசை வாங்கினார்.

அதன்பிறகு மழைப் பயம் அவரோடு குடியேறிவிட்டது. விடிந்ததும் கிணற்றுக்கட்டில் சாய்ந்து, உள்ளே எத்தனை படி வெளியே தெரிகிறது என்று பார்ப்பார். தொலைபேசியில் காலநிலைப் படத்தை நிமிடத்துக்கொரு தரம் திறப்பார். வங்காள விரிகுடாவில் எங்காவது ஒரு நீலப்புள்ளி சுழன்றால் சோறு இறங்காது. "இன்னும் ஐப்பசியே பிறக்கேல்லை" என்று சிவகௌரி சோற்றுக் கோப்பையை அவர் பக்கம் தள்ளுவாள்.

ஐப்பசி பிறந்தது. மழைக்கு முன்னால் நாவலடிப் பள்ளத்து வெள்ளவாய்க்காலைத் துப்புரவாக்கவென்று பழைய நில அளவை வரைபடத்தை எடுப்பித்தார். பள்ளத்திலிருந்து குளம்வரைக்கும் எட்டடி அகலத்தில் ஒரு கோடு ஓடியது. நிலத்தில் தேடியபோது அது பாதி வழியில் காணாமல் போயிருந்தது. சபைச் செயலாளர் செல்வநாயகம் கோப்பைக் கொண்டுவந்து மேசையில் வைத்துவிட்டுப் போகாமல் நின்றார். முப்பது வருடச் சேவை, ஏழெட்டுத் தவிசாளர்களைக் கண்டவர்.

"சேர், வாய்க்காலை மறிச்சு ஒரு மதில் நிக்குது."

"ஆரின்ரை மதில்?"

செல்வநாயகம் யன்னலைப் பார்த்துக்கொண்டு சொன்னார். "உங்கடை மாமியின்ரை."

பிரகலாதன் கோப்பைத் திறக்கவில்லை. திறக்கத் தேவையும் இருக்கவில்லை. ஐந்து வருடத்துக்கு முன்னர் ஒரு கள்ளன் வேலி பிரித்து வந்து, தனியே இருந்த மாமி, சிவகௌரியின் தாய் கமலாவதியின் சங்கிலியை அறுத்துக்கொண்டு ஓடினான். கனடாவிலிருந்த மைத்துனன் சிவகரன் மதில் கட்டச் சொன்னான். கல்லும் சீமெந்தும் இறக்கி, மேசனைப் பிடித்து, சனிக்கிழமை தவறாமல் போய் நின்று கட்டுவித்தவர் பிரகலாதன்தான். பின்பக்கத்துக்கு அத்திவாரம் வெட்டும்போது மேசன் மண்வெட்டியை ஊன்றிக்கொண்டு சொன்னார்: "ஐயா, உதாலை ஒரு வாய்க்கால் போகுது." அது எப்போதோ தூர்ந்துபோன வாய்க்கால் என்று சொல்லி, மேலே கட்டச் சொன்னதும் அவர்தான். முத்துக்குமாருவின் காற்சட்டை ஈரம் கணுக்காலிலிருந்து முழங்காலுக்கு ஏறியது எந்த வருடம் என்று இப்போது நினைத்துப் பார்த்தார். நினைவு வரவில்லை. அது வராததுதான் அவரை வதைத்தது.

"உது கிடக்கட்டும் சேர், இந்த மழை போகட்டும். தை பிறக்கப் பாப்பம்" என்றார் செல்வநாயகம். அவர் குரலில் இரக்கம் இருந்தது.

செய்தி கனடாவுக்குப் போகப் பொழுது எடுக்கவில்லை. சிவகரன் கூப்பிட்டான். கோபிக்கவில்லை, யோசனைதான் சொன்னான். "அத்தான், உங்கடை பாங்கிலை சொந்தக்காரற்றை அலுவலிலை நீங்கள் கையெழுத்து வைக்கேலாது எண்டு சட்டம் இருக்கெல்லே? அதையே செய்யுங்கோ. ரெண்டு கிழமை லீவு போட்டுட்டுக் கொழும்புக்குப் போங்கோ. உபதவிசாளர் பாக்கட்டும்."

அது நல்ல யோசனையாகத்தான் தெரிந்தது. சட்டமும் அதுதான், நேர்மையும் அதுதான். மதிலை இடிக்க உபதவிசாளர் கையொப்பம் வைக்கமாட்டார் என்பது ஊருக்கே தெரியும். பிரகலாதனுக்கும் தெரியும். அன்றே விடுமுறைக் கடிதம் எழுதினார். எழுதி, அடியிலிருந்து மேலே படித்து, முதுகைத் திருப்பிப் பார்த்து, மேசை லாச்சிக்குள் வைத்தார்.

மறுநாள் தர்சிகா வந்தாள். தையல் கடையில் வேலை செய்பவள், அளவுநாடா கழுத்திலேயே கிடந்தது.

"சேர், நீங்கள் லீவிலை போறியளாம்."

"ஆர் சொன்னது?"

"கதைக்கினம். மறிக்க வரேல்லை சேர். போறது எண்டால் வாய்க்கால் வேலை இந்தமுறை இல்லைத்தானே. அது தெரிஞ்சால் போதும். அம்மாவின்ரை கட்டிலுக்கு அடியிலை எத்தினை கல் வைக்கிறதெண்டு பாக்கவேணும். போனவருசம் ரெண்டு கல் வச்சனாங்கள், போதாமல் போச்சு."

அவள் கோபமாகச் சொல்லவில்லை. அளவு எடுக்கும் குரலில் கேட்டாள். பிரகலாதன் வாயைத் திறந்தார். பழைய வசனம் தொண்டைவரை வந்து நின்றது. அதை விழுங்கினார்.

"ஒரு கல்லும் வைக்காதை பிள்ளை" என்றார். அவள் போன பிறகு விடுமுறைக் கடிதத்தைக் கிழித்துப் போட்டார்.

சபையைக் கூட்டினார். மதில் மாமியுடையது, கட்டுவித்தது தான், இரண்டையும் கூட்டக் குறிப்பில் எழுதச் சொன்னார். "வாய்க்கால் இருக்குதெண்டு மேசன் சொன்னவர். நான்தான் கேக்கேல்லை. அதையும் எழுதுங்கோ" என்றார். உறுப்பினர்கள் ஒருவரை ஒருவர் பார்த்தார்கள். எதிர்த்தரப்பில் ஒருவர் மட்டும், "அப்ப தவிசாளருக்கு எதிராத்தான் முதல் நடவடிக்கை எடுக்கவேணும்" என்றார். "எடுங்கோ. மதில் விழுந்த பிறகு எடுங்கோ" என்றார் பிரகலாதன். மதிலை இடிக்கும் தீர்மானம் நிறைவேறியது. ஏழு நாள் அறிவித்தலில் கையொப்பமிட்டபோது, அவருடைய கையெழுத்து வங்கிக்குக் கொடுத்திருந்த மாதிரிக் கையெழுத்தைப்போல இருக்கவில்லை. 'ன்' முடிவில் கோணிப்போனது.

அறிவித்தலைப் பணியாளரிடம் கொடுக்காமல் தானே கொண்டுபோனார். கமலாவதி முற்றத்தில் மிளகாய் காயவைத்துக்கொண்டிருந்தார். மருமகன் தலைக்கவசத்தோடு நிற்பதைக் கண்டு, "என்ன தம்பி, ஆருக்கும் ஏதாவதே?" என்று பதறினார்.

அவர் வாசித்துக் காட்டினார். மாமி கையைச் சேலையில் துடைத்தபடி கேட்டார். பிறகு மதிலைப் பார்த்தார்.

"கள்ளன் வந்தால்?"

"பின்பக்கம் பன்னிரண்டு அடிதான் மாமி. அதுக்குக் கம்பிவலை அடிச்சுத் தருவன்."

"வலையை வெட்ட எவ்வளவு நேரம் பிடிக்கும்?" மாமி கடிதத்தை வாங்கிக் கண்ணுக்குக் கிட்டப் பிடித்தார். "உதிலை உங்கடை பேர்தானே கிடக்கு?"

"ஓம் மாமி."

"அப்ப வேறை ஆரிட்டைப் போய் முறையிடுறது?" என்று சொல்லிவிட்டு உள்ளே போனார். கதவைச் சாத்தவில்லை. வா என்றும் சொல்லவில்லை.

அன்று பின்னேரம் சிவகௌரி ஒரு பையில் உடுப்புகளை எடுத்துக்கொண்டு தாய்வீட்டுக்குப் போனாள். "அம்மா தனியப் பயப்பிடுவா" என்றாள். சண்டை பிடித்திருந்தால் அவருக்கு ஆறுதலாக இருந்திருக்கும். ஸ்கூட்டியைக் கொண்டுபோய்விட்டாள். மிச்ச நாட்கள் அவர் சைக்கிளில் வந்தார், அதே தலைக்கவசத்தோடு.

ஏழு நாளும் அவர் மழையோடு பேரம் பேசினார். ஐந்தாம் நாள் நீலப்புள்ளி கரையை நோக்கித் திரும்பியது. ஆறாம் நாள் வானம் கறுத்து ஈயம்போலத் தொங்கியது. ஏழாம் நாள் பின்னேரம் பிடித்த மழை விடியும்வரை விடவில்லை. எட்டாம் நாள் காலை மண் அள்ளும் பெக்கோ இயந்திரம் ஒழுங்கைக்குள் புகுந்தபோது, பள்ளத்தில் நாற்பது வீட்டு வாசலிலும் தண்ணீர் ஏறிவிட்டிருந்தது. சனம் குடையும் சாக்குமாக வந்து வளவுக்கு வெளியே கூடிநின்றது. விறாந்தையில் சிவகௌரி தாயின் தோளைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அவர் பக்கம் பார்க்கவில்லை.

இயந்திரச் சாரதி கண்ணாடியை இறக்கிக் கேட்டார். "சேர், தட்டட்டே?"

எல்லோரும் அவரைப் பார்த்தார்கள். தலைக்கவசத்தின் மேல் மழை சடசடவென்று விழுந்தது.

"தட்டுங்கோ" என்றார். சத்தம் போதவில்லை. கையையும் உயர்த்திக் காட்டினார்.

நாலாவது இடியில் மதில் சரிந்தது. ஒரு கணம் ஒன்றும் நடக்கவில்லை. பிறகு கற்களுக்கிடையால் செம்மண் தண்ணீர் நூலாகக் கசிந்தது. இயந்திரம் கற்களை வாரி, தூர்ந்த மண்ணை வழித்து இழுக்க இழுக்க, அது கயிறாகி, பாய்ச்சலாகி, வரைபடத்தில் இருந்த கோட்டின்மேல் ஓடத் தொடங்கியது. பள்ளத்துப் பக்கமிருந்து ஆரவாரம் எழுந்தது. அரைமணி நேரத்தில் தர்சிகா ஓடிவந்து, தங்கள் வீட்டுப் படியில் தண்ணீர் ஒரு சாண் இறங்கிவிட்டது என்றாள். கமலாவதி விறாந்தையிலிருந்து இறங்கி, உடைந்த இடத்தைப் பார்த்துவிட்டு, நனைந்த மிளகாய்ச் சாக்கை உள்ளே இழுத்துப் போனார். சிவகௌரி அசையவில்லை. செல்வநாயகம் குடையோடு வந்து, "சேர் எங்கை? அங்காலை தேத்தண்ணி ஊத்துகினம். எல்லாரும் அவரைத்தான் கேக்கினம்" என்றார்.

பிரகலாதன் அங்கே இல்லை.

அவர் தண்ணீரோடு நடந்துகொண்டிருந்தார். வெங்காயத் தோட்டத்து வரப்பு வழியே, அது வளைந்த இடத்தில் வளைந்து, நின்ற இடத்தில் நின்று, முந்நூறு மீற்றர் தள்ளி வீதியைக் கடக்கும் மதகுவரைக்கும் வந்திருந்தார். அதற்கு அப்பால், குளத்துக்குப் போகும் வழியில், வேறொரு குடியிருப்பு; மதகு அடைபட்டிருந்தால் தண்ணீர் வீதியேறி அங்கேயுள்ள பதினெட்டு வீட்டுக்குள்தான் போகும். தண்ணீர் மதகின் வாயில் சுருண்டு முட்டிக்கொண்டு நின்றது. சந்தியில் நின்றவர்கள் பார்த்துக்கொண்டிருக்க, தவிசாளர் வெள்ளைச் சட்டையோடு வீதிச் சேற்றில் குப்புறப் படுத்தார். தலையைத் தொங்கவிட்டு, கன்னம் தண்ணீரில் படக் குனிந்து, மதகுக்குள்ளால் மற்றப் பக்கத்து வெளிச்சம் தெரிகிறதா என்று பார்த்தார்.