வரவேற்பறையில் ஒரு டென்னிஸ்காரி

மொன்றியலில் எங்கள் வீட்டு வரவேற்பறையில், பிள்ளையார் படத்துக்குப் பக்கத்தில் ஒரு வெள்ளைக்காரி தொங்கினாள். கணுக்கால் மூடிய வெள்ளைப் பாவாடை, கையில் மர ராக்கெட். நூறு வருடத்துக்கு முந்திய அமெரிக்க டென்னிஸ்காரி. பக்கத்து ஊரான கர்க்லாண்டில் யாரோ வீடு மாறும்போது வாசலில் பரப்பி விற்ற சாமான்களுக்குள் அம்மா அவளைக் கண்டெடுத்தார். அம்மாவுக்கு வேண்டியிருந்தது என்னவோ பிரேம்தான். சண்டைக்காலத்தில் காணாமல் போன தன் தம்பியின் படம் ஊரிலிருந்து வந்ததும் அதில் போட்டு, தினமும் அந்த முகத்தைப் பார்க்க அவருக்கு ஆசை. படம் வரச் சுணங்கியதால் டென்னிஸ்காரியையே மாட்டிவிட்டார்.

வருகிறவர்கள் எல்லோரும் யாரென்று கேட்பார்கள். துறைமுகத்தில் லொறி ஓட்டும் அப்பா சிரிக்காமல், "என்ர மனுசியின்ர ஒன்றுவிட்ட அக்கா" என்பார்.

படத்தின் அடியில் அவளுடைய சரித்திரம் பொடி எழுத்து ஆங்கிலத்தில் இருந்தது. வெள்ளிக்கிழமை விளக்கேற்றியதும் அம்மா என்னைக் கதிரையில் ஏற்றி வாசிக்கச் சொல்வார். நான் தமிழில் சொல்வேன். அண்ணன்மாரோடு பந்தடித்துப் பழகியவள். பள்ளிக்கூடம் முடிக்குமுன்பே பெயர்போன ஆட்டக்காரிகளைத் தோற்கடித்தவள். பிறகு திடீரென்று ஆட்டத்தை விட்டாள். பல வருடம் ஒரு தகவலும் இல்லை, பத்திரிகைகளும் மறந்துவிட்டன. ஒரு கோடையில், ஒருவரும் எதிர்பாராத நேரம், திரும்பி வந்து கிண்ணத்தை வென்றாள். தேவாரத்தைவிட இது எனக்கு நன்றாகப் பாடமாகியிருந்தது.

"அந்தக் கடைசித் துண்டை இன்னொருக்கால் வாசி, பிள்ளை" என்பார் அம்மா.

ஒரு பனிக்காலம், ஊருக்குப் போய்வந்த பெரியம்மா மாமாவின் படத்தைக் கொண்டுவந்தார். கூடவே ஒரு சந்தன மாலையும். அம்மா ஆசையாகப் பிரேமைக் கழற்றி மடியில் வைத்தார். என் டென்னிஸ்காரி குப்பைக்குப் போகப் போகிறாள்.

"அவவை எடுக்காதேங்கோ அம்மா" என்று சேலையைப் பிடித்து அழுதேன்.

அம்மா என்னைப் பார்க்கவில்லை. மாலையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"எத்தினை வருசம் பாத்தாச்சு. இனி அவன் வரமாட்டான்" என்றார் பெரியம்மா. "படத்தைப் போட்டு, மாலையையும் போட்டு, ஒரு விளக்கை வை."

அம்மா மாமாவின் படத்தைப் பிரேமின் மேல் வைத்தார். கச்சிதமாகப் பொருந்தியது. சற்று நேரம் பார்த்துவிட்டு எடுத்துக்கொண்டார்.

"அளவு காணாது அக்கா. பேந்து பாப்பம்."

எனக்காகத்தான் அம்மா பொய் சொல்கிறார் என்று நினைத்து உச்சி குளிர்ந்துபோனேன். டென்னிஸ்காரி மறுபடி பிள்ளையாருக்குப் பக்கத்தில் ஏறினாள். மாமாவின் படம் அம்மாவின் கைப்பைக்குள், பஸ் பாஸோடு சேர்ந்துகொண்டது. மாலையைப் பெரியம்மா திரும்பக் கொண்டுபோனார்.

அடுத்த வெள்ளிக்கிழமை நான் வாசித்து முடித்ததும் அம்மா கேட்டார். "பேந்து திரும்பி வந்தவதானே?"

"ஓம் அம்மா, வந்தவ."

"இன்னொருக்கால் வாசி."

வாசித்தேன். அம்மாவுக்கும் என்னைப்போல டென்னிஸ் பைத்தியம் பிடித்துவிட்டது என்று அப்பாவிடம் ஓடிப்போய்ச் சொன்னேன். எதற்கும் ஒரு பகிடி வைத்திருக்கும் அப்பா அன்று எழுந்துபோய் அம்மாவுக்குப் பக்கத்தில் இருந்துகொண்டார். ஏனென்று எனக்கு விளங்கவில்லை.