மச்சாள் எழுதிய முன்கதை

கடல் எங்கள் கரையோர ஊரைக் கொண்டுபோன பிறகு, புளியந்தீவில் ஒரு பள்ளிக்கூடத்தில் தங்கியிருந்தோம். எனக்கும் மச்சாளுக்கும் பதினாறு வயது. அவள் என் மாமாவின் மகள். அவளுடைய அம்மாவையும் தங்கச்சியையும் கடல் எடுத்திருந்தது. எங்கள் வீட்டில் எல்லோரும் தப்பியிருந்தோம். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நான் செய்ததை யாரும் சின்னதாக நினைக்கக் கூடாது.

ஊரில் எழுதுகிறவள் என்றால் நான்தான். கட்டுரைப் போட்டிப் பரிசுகளெல்லாம் எனக்கே வந்தன. மச்சாள் கணக்கில் கெட்டிக்காரி, அவ்வளவுதான். நாங்கள் இருவரும் ஒரு வாரப் பத்திரிகையில் விஞ்ஞானத் தொடர்கதை ஒன்றை வாசித்திருந்தோம். எட்டுப் பேர் ஓர் இரும்புப் புதிர்வழிக்குள் கண்விழிக்கிறார்கள். சுவர்கள் நகரும், தவறான பக்கம் திரும்பினால் சாவு. அதை யார், எதற்குக் கட்டினார்கள் என்று சொல்லாமலே கதை முடிந்துவிட்டது. அதற்கு முன்கதை எழுதப்போகிறேன் என்று மாதக்கணக்கில் சொல்லிக்கொண்டு திரிந்தேன். ஒரு வரி எழுதவில்லை.

முகாமில், நிவாரணமாகக் கிடைத்த கொப்பியில், மச்சாள் அதை எழுதினாள்.

அவளுடைய கதையில் அந்தப் புதிர்வழி, ஆட்களை வெள்ளத்திலிருந்து காப்பாற்ற ஒரு பொறியியலாளர் கட்டிய காப்பிடம். தண்ணீர் வரும் பக்கத்தைச் சுவர்கள் தாமாகவே நகர்ந்து அடைக்கும். ஒருநாள் இயந்திரம் பழுதாகிறது. உள்ளே நடமாடும் மனிதர்களையே சுவர்கள் தண்ணீர் என்று எண்ணி நசுக்கத் தொடங்குகின்றன. கடைசி இரண்டு பக்கங்களில், வெளியே நின்ற பொறியியலாளர் உள்ளே போய், ஒரு சிறுமியை வெளியே தள்ளிவிட்டு, தான் அங்கேயே நின்றுவிடுகிறார்.

வாசித்து முடித்தபோது எனக்கு வயிறு எரிந்தது.

"எப்பிடி கா இருக்கு?" என்று கேட்டாள்.

"பரவால்ல. எழுத்துப்பிழை கிடக்கு" என்றேன்.

முகாமுக்கு வந்துபோன ஓர் ஆசிரியை கையெழுத்துச் சஞ்சிகை ஒன்றைத் தொடங்கினார். என் கையெழுத்து அழகு என்பதால் படியெடுக்கும் வேலை எனக்கு வந்தது. மச்சாளின் கடைசி இரண்டு பக்கங்களை நான் எழுதவில்லை. கொப்பியிலிருந்து கிழித்து, கிணற்றடி வாளிக்குள் ஊறவைத்துக் கசக்கி எறிந்தேன்.

ஒரு சனிக்கிழமை பின்னேரம் மண்டபத்தில் எல்லோருக்கும் முன்னால் ஆசிரியை அதை வாசித்தார். சிறுமி தனியே நிற்கிறாள், சுவர் நெருங்கும் சத்தம் கேட்கிறது. அதோடு என் படி முடிந்தது. பிள்ளைகளைக் கடலுக்குக் கொடுத்த ஒரு பெண் எழுந்து கத்தினாள்.

"புள்ளய விட்டிட்டா போயிட்டாங்க? ஒருத்தருமே வரல்லையா?"

ஆசிரியை தாளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். மச்சாள் என்னை ஒரே ஒரு முறை பார்த்தாள். பிறகு எழுந்தாள்.

"முடியல்ல மாமி. இன்னும் இருக்கு. நான் சொல்லுறன்."

சொன்னாள். கொப்பியில் இல்லாததையும் சொன்னாள். வெளியே வந்த சிறுமி, உள்ளே நின்றுவிட்ட ஒவ்வொருவரின் பெயரையும் உரத்துச் சொல்லிக்கொண்டே நடக்கிறாள். அந்தப் பெண் அழுகையை நிறுத்தி மச்சாளின் கையைப் பிடித்துக்கொண்டாள். மண்டபமே அவளைப் பார்த்துக்கொண்டிருந்தது. நான் அந்த முகங்களைத்தான் பார்த்தேன். எனக்கு வெட்கம் வரவில்லை. இது ஏன் எனக்குத் தோன்றவில்லை என்ற எரிச்சல்தான் வந்தது.

அவள் அதைப் பற்றி என்னிடம் ஒன்றும் கேட்கவில்லை. பழுகாமத்தில் கலியாணம் முடித்துப் போனாள். சண்டையில் இரண்டு தரம் இடம்பெயர்ந்தாள். யுத்தம் முடிந்த பிறகுதான் நான் வாவியைக் கடந்து அவளைப் பார்க்கப் போனேன். நெல் காயப்போட்டுக்கொண்டிருந்தாள்.

"அந்த ரெண்டு பக்கத்தையும் நீதானே கா கிழிச்ச?"

"ஓம்."

"ஏன்?"

"நல்லா இருந்திச்சி. அதான்."

நெல்லைக் காலால் துழாவினாள். "அண்டைக்கு எழும்பி நிண்டு சொல்லக்குள்ள, அம்மாட பேரையும் தங்கச்சிட பேரையும் சேத்துத்தான் சொன்னன்" என்றாள்.

நான் அதைக் கவனித்திருக்கவே இல்லை. "இப்ப எழுதுறியா?" என்று கேட்டேன்.

"இல்ல. அதுக்குப் பிறகு மறுகா கைக்கு வரல்ல."

அதைக் கேட்டதும், ஒரு கணம், எனக்கு ஆறுதலாக இருந்தது. என் முகத்தில் அது தெரிந்திருக்க வேண்டும். அவள் பார்வையைத் திருப்பிக்கொண்டு, "வா, சோறு தின்னுவம்" என்று உள்ளே போனாள்.